ஒரே நாளில் இரண்டு செய்திகள்

1954-ம் ஆண்டு நவம்பர் 1-ந் தேதி புதுச்சேரியின் நிர்வாகம் இந்தியாவிடம் ஒப்படைக்கப்பட்டது. அன்று பொழுது விடியுமுன்பே அல்ஜீரியாவில் பல இடங்களில் குண்டுகள் வெடித்தன. தேசிய விடுதலை முன்னணி பிரான்சின் மீது போர் தொடுத்துவிட்டது. இரண்டு செய்திகளும் ஒரே பிரதமரின் மேஜைக்குத்தான் போயின. அவர் பெயர் மெண்டேஸ் பிரான்ஸ்.

இந்தோ-சீனப் போரை அந்த ஜூலையில் முடித்து வைத்தவர் அவரே. டுனீசியாவுக்கு சுயாட்சி தருவதாக வாக்களித்தவரும் அவரே. ஆனால் அல்ஜீரியா என்றதும் மனிதர் மாறிவிட்டார். அது பிரான்சின் பிரிக்க முடியாத பகுதி என்று பார்லிமெண்டில் அடித்துப் பேசினார்.

காரணம் என்ன? புதுச்சேரியில் பிரெஞ்சுக்காரர்கள் விரல்விட்டு எண்ணக்கூடிய சிலர். அல்ஜீரியாவிலோ ஐரோப்பியக் குடியேறிகள் சுமார் பத்து லட்சம் பேர்! நல்ல நிலமெல்லாம் அவர்கள் கையில். மதுவை மார்க்கம் விலக்கிய மக்களின் மண்ணில் திராட்சை பயிரிட்டு ஒயின் ஏற்றுமதி செய்தார்கள். 1947-ல் அமைந்த சட்டப்படி அசெம்பிளியில் ஸ்தானங்கள் 120. குடியேறிகளுக்கு 60, அவர்களைப் போல் எட்டு மடங்கு இருந்த முஸ்லிம்களுக்கும் 60! அந்த அறுபதுக்கும் 1948-ல் நடந்த தேர்தலில் அதிகாரிகளே தில்லுமுல்லு செய்தார்கள். ஓட்டுப் பெட்டி பொய்யானபின் துப்பாக்கியைத் தேடியவர்களைக் கண்டு பாரிஸ் வியந்ததுதான் வியப்பு.

1956 பிப்ரவரியில் பிரதமர் கை மொல்லே சமாதான நோக்கத்துடன் அல்ஜியர்ஸ் போனார். குடியேறிகள் தக்காளியால் அடித்தார்கள். அவர் கொள்கையையே மாற்றிக்கொண்டார்! நான்கு லட்சத்துக்கு மேற்பட்ட துருப்புகள் குவிந்தன. 1957-ல் அல்ஜியர்ஸ் நகரைப் பாரசூட் படை அடக்கியது. ஆனால் கைதிகளைச் சித்திரவதை செய்த சேதி வெளியானதும் பிரான்சிலேயே மனச்சாட்சி உள்ளவர்கள் வெகுண்டார்கள். ராணுவம் நகரத்தை வென்றது, நியாயத்தைத் தோற்றது.

குடியேறிகளும் தளபதிகளும் 1958-ல் கிளப்பிய கலவரத்தின் மேல்தான் டிகால் பதவிக்கு வந்தார். அவர்தான் அடுத்த ஆண்டே சுயநிர்ணய உரிமையை அறிவித்தார். 1961 ஏப்ரலில் தளபதிகள் செய்த கலகம் நான்கே நாளில் பிசுபிசுத்தது. 1962 மார்ச்சில் எவியான் ஒப்பந்தம். ஜூலை 5-ல் சுதந்திரம். குடியேறிகளில் பெரும்பாலோர் சில மாதங்களில் கப்பலேறினார்கள்.

புதுச்சேரியைச் சட்டப்படி மாற்றும் ஒப்பந்தம் 1956 மே மாதமே கையெழுத்தாகியிருந்தது. அல்ஜீரியா விவகாரம் எரியும்வரை பிரெஞ்சுப் பார்லிமெண்ட் அதை அங்கீகரிக்கவில்லை. அல்ஜீரியா விடுதலை பெற்ற அதே ஜூலையில்தான் அங்கீகாரம் கிடைத்தது. ஆகஸ்ட் 16-ல் புதுச்சேரி சட்டப்படியும் இந்தியாவுடன் சேர்ந்தது.