கோப்பு தூங்கிய நாளுக்கும் வட்டி உண்டு

ஓய்வூதியம் அரசு மனமிரங்கித் தரும் இனாம் அல்ல, ஊழியரின் சொத்து என்று 1971-இல் தேவகிநந்தன் பிரசாத் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. சட்டவிதி எதுவும் இல்லாமல் வெறும் நிர்வாக உத்தரவைக் காட்டி ஓய்வூதியத்தையும் பணிக்கொடையையும் நிறுத்திவைப்பது, சொத்துரிமையைக் காக்கும் அரசியல் சாசனத்தின் 300ஏ பிரிவுக்கு விரோதம் என்று 2013-இல் ஜார்க்கண்ட் அரசு வழக்கிலும் சொன்னது.

நடைமுறையில் தாமதம் சின்னச் சின்னக் காகிதங்களில்தான் தொடங்குகிறது. பணிப்பதிவேட்டில் விடுப்புக் கணக்கு எழுதாமல் விடுபட்டிருக்கும். பழைய தணிக்கைத் தடை ஒன்று ஓய்வுபெறும் மாதத்தில் தலைதூக்கும். நிலுவையில்லாச் சான்று வராது. கேரளத்தில் அரசு ஊழியர் பத்மநாபன் நாயர் 1973 மே மாதம் ஓய்வுபெற்றார். பணம் கைக்கு வந்தது 1975 ஆகஸ்டில். மாவட்டக் கருவூல அதிகாரி கடைசி ஊதியச் சான்றைத் தராமல் இழுத்தடித்ததே காரணம். தாமதத்துக்கு அரசு வட்டி கட்டியே தீரவேண்டும் என்றது உச்ச நீதிமன்றம். ஓய்வுபெற்று இரண்டு மாதம் கழிந்ததுமே அந்தப் பொறுப்பு தொடங்கிவிடுகிறது என்றும் கூறியது.

அவர் கேட்டது 12 சதவீத வட்டி, கிடைத்தது 6 சதவீதம். குறைத்துக் கொடுத்ததை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் அவர் எதிர்மனு போடாததால், உச்ச நீதிமன்றத்தாலும் கூட்டித்தர முடியவில்லை. அந்தக் கருவூல அதிகாரி வழக்கில் சேர்க்கப்படாததால் அவரைப் பொறுப்பாக்கவும் வழியில்லாமல் போயிற்று. மனுவில் யாரைச் சேர்ப்பது, என்ன கேட்பது என்பதை முதலிலேயே முடிவுசெய்ய வேண்டியதன் அவசியம் இதிலிருந்து விளங்கும்.

வட்டி பற்றி விதி இருந்தால் அதன்படி கேட்கலாம். மத்திய அரசு ஊழியருக்கு நிர்வாகக் குறையால் பணிக்கொடை மூன்று மாதத்துக்கு மேல் தள்ளிப்போனால், அரசு ஊழியரின் பொது வருங்கால வைப்பு நிதிக்கான விகிதத்தில் வட்டி உண்டு. 1972-ஆம் ஆண்டுப் பணிக்கொடைச் சட்டம் பணிக்கொடை வழங்க 30 நாள் கெடு வைத்தது. 2020-ஆம் ஆண்டு சமூகப் பாதுகாப்புத் தொகுப்பிலும் அந்தக் கெடு தொடர்கிறது. விதியே இல்லாவிட்டாலும் வட்டி கேட்க முடியும் என்பது 2008-இல் எஸ்.கே. துவா வழக்கில் சொல்லப்பட்டது.

முதல் படி, ஓய்வுபெற்ற நாள், வரவேண்டிய தொகை, கோரும் வட்டி ஆகியவற்றைக் குறித்து துறைக்கு ஒப்புகையுடன் அனுப்பும் மனு. கோப்பு எந்த மேசையில் எத்தனை நாள் கிடந்தது என்பதைத் தகவல் உரிமைச் சட்டத்தின் கீழ் கேட்டுப் பெறலாம். தாமதம் ஊழியரால் நேரவில்லை என்பதற்கு அந்தப் பதிலே நல்ல சான்று.

அதன்பின், மத்திய அரசு ஊழியர் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போகவேண்டும். மனுவுக்கு ஆறு மாதம் பதில் இல்லையென்றால், அதிலிருந்து ஓராண்டுக்குள் வழக்குத் தொடர வேண்டும். தமிழக அரசு ஊழியர் அரசியல் சாசனத்தின் 226-ஆவது பிரிவின்படி சென்னை உயர் நீதிமன்றத்தையோ அதன் மதுரைக் கிளையையோ அணுகலாம். குறைத்துக் கணக்கிட்ட ஓய்வூதியம் மாதந்தோறும் தொடரும் தவறு என்பதால் காலம் கடந்தும் வழக்குப் போடலாம். ஆனால் உச்ச நீதிமன்றத்தின் தர்செம் சிங் தீர்ப்பின்படி, நிலுவை பொதுவாக வழக்குத் தொடர்வதற்கு முந்தைய மூன்றாண்டுக்கே கிடைக்கும்.

ஒழுங்கு நடவடிக்கை நிலுவையில் இருந்தால் விதிப்படி பணிக்கொடையை நிறுத்திவைக்கலாம். அப்போதும் தற்காலிக ஓய்வூதியம் தரவேண்டும். ஊழியர் தரப்பில் மோசடி இல்லாமல் தவறுதலாகக் கூடுதல் சம்பளம் போயிருந்தால், அதை ஓய்வுக்குப் பின் பிடிக்க 2014-ஆம் ஆண்டு ரஃபீக் மசீஹ் தீர்ப்பு தடையாக நிற்கிறது.

தீர்ப்பு வந்தும் பணம் வராவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு மனு போடலாம். அதற்கும் ஓராண்டுதான் கெடு.