ஊர்க் காசில் ஒரு சினிமா



சேலத்தில் ஏற்காடு சாலையோரம் மாடர்ன் தியேட்டர்ஸின் முகப்பு வளைவு இன்னும் நிற்கிறது. மலையாளத்தின் முதல் பேசும்படமான ‘பாலன்’ (1938) டி.ஆர். சுந்தரத்தின் அந்த நிறுவனம் தயாரித்ததுதான். நம் குப்பனூர்க்காரர்களுக்கு அதில் ஒரு பெருமை உண்டு. ஏறக்குறைய நாற்பது ஆண்டு கழித்து அந்தக் கடனைத் திருப்பிக் கொடுத்தது போல, ஒரு மலையாளி தமிழுக்கு ஒரு படம் தந்தார். ஜான் ஆபிரகாமின் ‘அக்ரஹாரத்தில் கழுதை’ (1977). திரைக்கதை வெங்கட் சாமிநாதன். பேராசிரியராக நடித்தவர் இசையமைப்பாளர் எம்.பி. சீனிவாசன்.

தாயற்ற ஒரு கழுதைக்குட்டியைப் பேராசிரியர் தன் ஊருக்குக் கொண்டுபோகிறார். வாய் பேசாத உமா அதை வளர்க்கிறாள். ஊரில் எது நடந்தாலும் பழி கழுதை மேல். உமாவுக்கு இறந்தே பிறந்த குழந்தை கோயிலருகே கிடந்ததற்கும் அதுவே பொறுப்பாகி, அடித்துக் கொல்லப்படுகிறது. பிறகு ஊரில் அதிசயங்கள் நடப்பதாகப் பேச்சு எழ, கொன்ற கைகளே அதைக் கும்பிடத் தொடங்குகின்றன! இதைப் பார்த்துச் சிரிக்கத்தான் ஆரம்பிப்போம். பாதியிலேயே சிரிப்பு நின்றுவிடும். தேசிய விருது பெற்ற இந்தப் படத்தை ஒளிபரப்புவதாக அறிவித்த தூர்தர்ஷன், எதிர்ப்பு வந்ததும் கைவிட்டது.

வங்க இயக்குநர் ரித்விக் கட்டக்கின் மாணவர் ஜான். தாயும் சாவும் அவரை விட்டு நீங்கவே இல்லை. ‘அம்ம அறியான்’ (1986) படத்தில், இறந்துபோன தபலாக் கலைஞன் ஹரியின் அம்மாவிடம் சேதி சொல்ல வயநாட்டிலிருந்து கொச்சிக்குப் புறப்படுகிறான் ஓர் இளைஞன். வழியில் ஹரியைத் தெரிந்தவர்கள் ஒவ்வொருவராகச் சேர்ந்துகொள்ள, ஒருவன் கிளம்பிய பயணம் ஒரு கூட்டமாகிவிடுகிறது. கருப்பு வெள்ளையில், கதைக்கு நடுவே நிஜப் போராட்டங்களின் காட்சிகளும் கலந்து வரும். பொறுமையாகப் பார்க்க வேண்டிய படம். நடை நீளமென்று குறைபட்டவர்கள் உண்டு. சாவுச் சேதி சுமந்து நடப்பவர்களுக்கு வழி நீளமாகத்தானே இருக்கும்?

இந்தப் படத்துக்கு முதலாளி கிடையாது. ஒடேசா என்ற கூட்டு இயக்கத்தைத் தொடங்கி, ஜானும் நண்பர்களும் ஊர் ஊராகப் போனார்கள். சாப்ளினின் ‘தி கிட்’ போன்ற படங்களைத் திரையிட்டு, பார்த்தவர்களிடம் முடிந்ததைக் கேட்டு வாங்கினார்கள். படம் முடிந்த மறு ஆண்டே, 1987 மே 31 அன்று, கோழிக்கோட்டில் மாடியிலிருந்து விழுந்து ஜான் இறந்தார். அவருக்கு ஐம்பது வயதுகூட முழுதாக ஆகியிருக்கவில்லை. முடித்த முழுநீளப் படங்கள் நான்கே.

ஜானின் துணிச்சலில் பெரியது, காசு கேட்டுப் போன இடத்தில் பார்வையாளரைச் சொந்தக்காரராக்கியதுதான் என்று நான் நம்புகிறேன். அது கேரளத்துக்கு மட்டும் சாத்தியமானதல்ல. அயோத்தியாப்பட்டணம் முதல் கொட்டச்சேடு வரை நம் ஊர்களில் பள்ளிச் சுவருக்கும் சமுதாயக் கூடத்துக்கும் பஞ்சமில்லை. இந்த இரண்டு படங்களையும் முறையான அனுமதியோடு உங்கள் ஊரில் திரையிட விருப்பமிருந்தால் எங்களுக்கு எழுதுங்கள். உடன் நிற்கிறோம்.

அன்புடன்,
ஆசிரியர், குப்பனூர்