வலியவரையும் பிணிப்பதே உடன்படிக்கை

பிறரை அச்சத்தில் ஆழ்த்தி எந்நாடும் தன் காவலை உறுதி செய்துகொள்ள இயலாது. அனைவரும் கூடிக் காப்பதே காவல் என்று சீன அரசு கூறி வருகிறது. 1997ல் ‘புதிய பாதுகாப்புக் கருத்து’ என்றும், 2022ல் ‘உலகப் பாதுகாப்பு முன்முயற்சி’ என்றும் இக்கொள்கை பெயர் பெற்றது. இதனைப் புதுயுகத்தின் விடியல் என்று போற்றுவோர் உளர்; வெறும் வஞ்சகம் என்று தூற்றுவோரும் உளர். இரு சாராரும் சொல்லை நிறுக்கின்றனரேயன்றிச் செயலை நிறுக்கவில்லை என்பதே நம் வாதம்.

1969ல் உசூரி ஆற்றங்கரையில் சீனப் படையும் சோவியத் படையும் குருதி சிந்தின. ஆனால் 1996ல் ரஷ்யா, கஜகஸ்தான், கிர்கிஸ்தான், தஜிகிஸ்தான் ஆகியவற்றோடு ஷாங்காய் நகரில் சீனா உடன்படிக்கை செய்தது. மறு ஆண்டு மாஸ்கோவில், எல்லையின் இருபுறமும் 100 கிலோமீட்டர் வரை படைகளுக்கு வரம்பு இடப்பட்டது. 2001ல் தோன்றிய ஷாங்காய் ஒத்துழைப்பு அமைப்புக்கு இதுவே வித்து. தூற்றுவோர் இதற்கு என்ன விடை கூறுவர்?

போற்றுவோர் தென்சீனக் கடலை நோக்கட்டும். 2002ல் ஆசியான் நாடுகளோடு சீனா கையெழுத்திட்டது பிரகடனமே. பிணிக்கும் விதித்தொகுப்பு பின்னர் வரும் என்றனர். இருபது ஆண்டு கடந்து 2022 முடிந்தபோதும் அது வரவில்லை. இதற்கிடையே பவளத்திட்டுகள் செயற்கைத் தீவுகளாயின. 2016ல் பிலிப்பைன்சு தொடுத்த வழக்கில் நடுவர் மன்றம் அளித்த தீர்ப்பைச் சீனா ஏற்க மறுத்தது.

நிலத்தில் எதிரே நின்றது ரஷ்யா. கடலில் எதிரே நின்றவை சிறு நாடுகள். ஒத்த வலியுடையாரிடம் காட்டும் அடக்கம் எச்சரிக்கை. மெலியாரிடம் காட்டுவதன்றோ கொள்கை?

“1986ல் நிகரகுவா வழக்கில் உலக நீதிமன்றத் தீர்ப்பை அமெரிக்கா மதித்ததா?” என வினவுவர். மதிக்கவில்லை. அவ்வழக்கத்தை மாற்றுவோம் என்று கூறியவர் அதனையே சான்றாகக் காட்டலாமா? 2023 மார்ச்சில் சவூதி அரபியாவும் ஈரானும் பெய்ஜிங்கில் உறவைப் புதுப்பிக்க இசைந்தன, அது நற்பணியே. ஆயினும் பிறர் பிணக்கைத் தீர்ப்பது எளிது. தன் பிணக்கில் தீர்ப்புக்குத் தலைவணங்குவதே அரிது.

அரபு மொழியில் ‘அஹ்து’ என்னும் ஒரே சொல் வாக்குறுதியையும் உடன்படிக்கையையும் குறிக்கும். ஆகவே கூட்டுப் பாதுகாப்பு என்று எவ்வல்லரசு முழங்கினும், அது தன் கையில் இட்டுக்கொண்ட கட்டு எங்கே என்று முதலில் கேட்போமாக.