தொட்டிலும் மொழியும்

சப்போட்டாக் கனியின் சுவையை அறியாத சிறுவர் தமிழ்நாட்டில் மிகச் சிலரே. அக்கனியின் பெயர் எந்நாட்டினின்று வந்தது என்பதை அறிந்த பெரியோரும் மிகச் சிலரே. கடல் பல கடந்து, அமெரிக்கப் பெருநிலத்தின் நடுப்பகுதியில் வழங்கிவரும் நாகுவாட்டல் என்னும் மொழியில், இன்கனிகள் சிலவற்றைக் குறிக்கும் சொல்லொன்று உண்டு. ஸ்பானியர் அச்சொல்லைத் தம் நாவிற்கு ஏற்பத் திரித்து வழங்கினர்; அவர்தம் கப்பல்களோடு அது பல நாடுகளுக்கும் சென்றது. அதுவே இன்று சப்போட்டா என நிற்கிறது. சாக்கலேட்டு என்னும் பெயரும், தக்காளிக்கும் மிளகாய்க்கும் ஆங்கிலர் வழங்கும் பெயர்களும் அம்மொழியின் வழி வந்தனவே. கனி வந்தது, காய் வந்தது, அவற்றோடு பெயரும் வந்தது. ஆயின், அப்பெயரை ஈன்ற மொழியையும் அதனைப் பேசும் மக்களையும் பற்றிய நினைவு மட்டும் உடன் வரவில்லை.

மெக்சிகோ நாட்டின் நடுப்பகுதி தொடங்கித் தெற்கே குவாத்தமாலா, பெலீசு, எல் சால்வடோர் முதலிய நாடுகளையும் அளாவிக் கிடக்கும் நிலத்தை மெசோஅமெரிக்கா என அறிஞர் வழங்குவர். மக்காச்சோளத்தை முதன்முதல் பயிராக்கி உலகிற்கு ஈந்த நிலம் அதுவே. அங்கு வழங்கும் மொழிகளோ பலப்பல. மெக்சிகோ அரசு 2008 ஆம் ஆண்டில் வெளியிட்ட பட்டியல் அந்நாட்டில் மட்டும் 11 மொழிக் குடும்பங்களையும், அவற்றைச் சார்ந்த 68 மொழிகளையும், அம்மொழிகளின் 364 வகைகளையும் எடுத்துரைக்கின்றது. குவாத்தமாலாவில் மாயா குடும்பத்து மொழிகள் மட்டும் 22 உள்ளன. 2020 ஆம் ஆண்டின் மெக்சிகோ குடிக்கணக்கின்படி, நாகுவாட்டல் பேசுவோர் 16 இலட்சத்திற்கும் மேற்பட்டவர். யுக்கட்டான் மாயா பேசுவோர் 7 இலட்சத்திற்கும் மேற்பட்டவர். செல்தால், சோட்சில், மிக்சுதெக்கு, சப்போதெக்கு முதலிய மொழிகளும் இலட்சக்கணக்கான மக்களின் நாவில் வாழ்கின்றன.

இம்மொழிகளைக் 'கொச்சைப் பேச்சு' என்று இகழ்ந்துரைப்பார் அந்நாடுகளில் இன்றும் உளர். இலக்கணம் அற்றவை, நுண்பொருளை உரைக்க மாட்டாதவை என்பது அவர் கூற்று. அக்கூற்று அறியாமையின்பாற் பட்டது. இலக்கணம் இல்லாத மொழி உலகில் யாண்டும் இல்லை. ஏட்டில் எழுதப்படாத இலக்கணம் உண்டு, அவ்வளவே. சில சான்றுகளை நோக்கினால் இவ்வுண்மை இனிது விளங்கும்.

குவாத்தமாலாவின் மலைநாட்டில் வழங்கும் கீச்சே மொழியில் 'வினாக்' என்பது மனிதனைக் குறிக்கும் சொல். இருபது என்னும் எண்ணைக் கூறவேண்டின், அம்மொழியினர் 'ஒரு மனிதன்' என்பர். நாற்பதை 'இரு மனிதர்' என்பர். கைவிரல் பத்தும் கால்விரல் பத்தும் கொண்ட மனித உடலே அவர்க்கு எண்ணும் கருவி ஆயிற்று. அவர்தம் முன்னோராகிய மாயர் ஒன்றிற்குப் புள்ளியும், ஐந்திற்குக் கோடும், சுழிக்குக் கிளிஞ்சல் போன்ற குறியும் இட்டுப் பேரெண்களையும் எழுதினர். கோள்களின் இயக்கத்தையும் கணித்தனர்.

செல்தால் மொழியில் உண்ணுதற்குரிய வினைச்சொற்கள் பல. அப்பம் முதலிய தானிய உணவை உண்பது ஒரு சொல். இறைச்சியைத் தின்பது வேறொரு சொல். மென்கனியை உண்பதற்கு ஒன்று. கடித்து நொறுக்கித் தின்பதற்கு மற்றொன்று. நாகுவாட்டல் மொழியோ இரு சொற்களை இணைத்து மூன்றாவதொரு பொருளைத் தோற்றுவிக்கும் அழகு வாய்ந்தது. 'மலரும் பாட்டும்' எனின் கவிதை. 'மையின் கருமையும் செம்மையும்' எனின் ஏட்டறிவு. 'நீரும் மலையும்' எனின் ஊர். வாகாக்கா மலைகளில் வாழும் மசாத்தெக்கர், சினந்தெக்கர் என்போர்தம் மொழிகளில் சொல்லின் பொருள் குரலின் ஏற்ற இறக்கத்தால் வேறுபடும். ஆதலின், அவ்வேற்ற இறக்கத்தைச் சீழ்க்கையாக ஒலித்து, ஒரு மலைச்சரிவில் நிற்பவர் எதிர்ச்சரிவில் நிற்பவரோடு உரையாடுதலும் உண்டு. இத்தகைய மொழிகளையோ வளமற்றவை என்பது?

இம்மக்கள் எழுத்தறிவும் இல்லாதவர் அல்லர். மாயர் மரப்பட்டைத் தாளில் வண்ண எழுத்துக்களால் நூல்கள் எழுதி வைத்தனர். 1562 ஆம் ஆண்டில் மானி என்னும் ஊரில், தியேகோ தெ லாண்டா என்னும் ஸ்பானியத் துறவி அந்நூல்களைத் திரட்டித் தீயிலிட்டார். தம் தெய்வங்களின் வரலாறும் வானநூற் கணக்கும் கண்ணெதிரே கரியாவதைக் கண்ட மக்கள் எய்திய துயரம் பெரிது. அவர்தம் பழைய ஏடுகளுள் இன்று எஞ்சியிருப்பவை நான்கே. விந்தை யாதெனின், அத்துறவியே பிற்காலத்தில் மாயா எழுத்துக்கள் சிலவற்றைத் தம் நூலொன்றில் குறித்து வைத்தார். அக்குறிப்பைத் துணையாகக் கொண்டே யூரி கினோரோசோவ் என்னும் உருசிய அறிஞர், 1952 ஆம் ஆண்டில் அவ்வெழுத்துக்களைப் படிக்கும் நெறியைக் கண்டார். எரித்த கையே திறவுகோலையும் விட்டுச் சென்றது.

ஸ்பானியத் துறவிகள் அனைவரும் ஏடெரித்தவர் அல்லர் என்பதையும் நடுநிலையோர் மறவார். ஆந்திரேசு தெ ஒல்மோசு என்பவர் 1547 ஆம் ஆண்டிலேயே நாகுவாட்டல் மொழிக்கு இலக்கணம் வகுத்தார். ஆங்கில மொழிக்கு இலக்கண நூல் அச்சேறுதற்கு முற்பட்ட காலம் அது. சகாகுன் என்னும் துறவி, நாகுவா இளைஞர்களைத் துணைக்கொண்டு, அம்மக்களின் வாழ்வும் வழிபாடும் மருந்தும் மரபும் அடங்கிய பன்னிரு நூல்களை நாகுவாட்டலிலும் ஸ்பானியத்திலும் எழுதுவித்தார். தொல்குடியினரும் உரோம எழுத்தைக் கற்று, தம் மொழியிலேயே நிலப்பத்திரமும் உயிலும் ஊரவைக் குறிப்பும் எழுதினர். மக்காச்சோள மாவினால் மனிதன் படைக்கப்பட்டான் என்று கூறும் 'போபோல் வூ' என்னும் கீச்சே நூலும் அந்நூற்றாண்டில் அவ்வாறே எழுதப்பெற்றதாகும். 1570 ஆம் ஆண்டில் ஸ்பெயின் மன்னர் இரண்டாம் பிலிப்பு, நாகுவாட்டலைத் தொல்குடியினரின் பொதுமொழியாகக் கொள்ளுமாறு ஆணையிட்டார்.

இருநூறு ஆண்டுகள் சென்றன. 1770 ஆம் ஆண்டில் மூன்றாம் சார்லசு மன்னரின் ஆணை பிறந்தது. ஸ்பானியம் ஒன்றே வழங்குக, ஏனைய மொழிகள் அழிந்தொழிக என்பது அதன் கருத்து. நேற்று வரை இலக்கணமும் பத்திரமும் எழுதப்பெற்ற மொழிகள் இன்று திடீரென வளமற்றவை ஆகிவிட்டனவோ? இல்லை. மொழி மாறவில்லை, ஆள்வோர் மனமே மாறியது. தாழ்வு என்பது மொழியோடு பிறந்ததன்று, பிறரால் சுமத்தப்பட்டதே. பின்னர் விடுதலை பெற்ற நாடுகளும் அச்சுமையை இறக்கவில்லை. பள்ளிக்கூடங்களில் தாய்மொழி பேசிய சிறுவர் தண்டிக்கப்பட்டனர். தாய் ஊட்டிய சொல்லே குற்றமாகிய கொடுமை அது.

இகழ்ச்சியினும் கொடியது அச்சம். 1932 ஆம் ஆண்டில் எல் சால்வடோர் நாட்டின் மேற்குப் பகுதியில் உழவர் கிளர்ந்தெழுந்தனர். அரசின் படை பல்லாயிரவரைக் கொன்று குவித்தது. நாவாட் மொழி பேசிய தொல்குடியினர் பெரிதும் மாண்டனர். எஞ்சியோர் தம் உடையை மாற்றினர். தெருவில் தம் மொழியைப் பேச அஞ்சினர். வீட்டில் பிள்ளைகட்கும் அதனைக் கற்பியாது விட்டனர். குவாத்தமாலாவில் 1960 முதல் 1996 வரை உள்நாட்டுப் போர் நிகழ்ந்தது. அதில் 2 இலட்சத்திற்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டோ காணாமற்போயோ மறைந்தனர் என்றும், அடையாளம் காணப்பட்டோருள் நூற்றுக்கு 83 பேர் மாயர் என்றும், ஐக்கிய நாடுகளின் துணையோடு அமைந்த உண்மை அறியும் குழு 1999 ஆம் ஆண்டில் உரைத்தது.

இந்நிலையில், பிள்ளைக்குத் தன் மொழியைக் கொடாது மறைத்த தாயைக் குறை கூறுதல் முறையோ? அவள் மொழியை வெறுத்தவள் அல்லள்; மகவை நேசித்தவள். தான் பட்ட அடியும் வசையும் தன் மகன் படலாகாது என்று எண்ணியே வாய்பொத்தி இருந்தாள். தாலாட்டையும் அயல்மொழியில் பாடினாள். தாய்மொழியைக் கைவிட்ட மக்கள் என்று அவர்களைப் பழிப்போர் அவளுடைய அச்சத்திற்குக் காரணமானவரை முதலில் வினவுதல் வேண்டும். மிகே மொழியினராகிய யாசுனயா அகிலார் என்னும் மொழியறிஞர், 2019 ஆம் ஆண்டில் மெக்சிகோ நாடாளுமன்றத்தில் தம் தாய்மொழியிலேயே உரையாற்றி, மொழிகள் தாமே இறப்பதில்லை, கொல்லப்படுகின்றன என எடுத்துரைத்தார். கணக்கும் அதற்குச் சான்று பகர்கின்றது. 1930 ஆம் ஆண்டில் மெக்சிகோ மக்களுள் நூற்றுக்கு ஏறத்தாழ 16 பேர் தொல்குடி மொழி பேசினர். 2020 இல் ஏறத்தாழ 6 பேரே பேசினர். மக்கட்பெருக்கத்தால் தொகை கூடியது, பங்கோ குறைந்தது.

ஒரு நாட்டிற்கு ஒரு மொழியே ஒற்றுமை தரும் என்றும், சிறுமொழிகளைக் காத்தல் அவற்றைப் பேசுவோரின் முன்னேற்றத்திற்கே தடை என்றும் சிலர் கூறுவர். பொதுமொழி ஒன்று வேண்டும் என்பதை மறுப்பார் இலர். ஸ்பானியம் கற்றல் அம்மக்களின் பிழைப்பிற்கும் பிறரோடு பழகுதற்கும் உதவும் என்பதும் உண்மையே. ஆயின், ஒன்றைக் கற்பதற்கு மற்றொன்றை மறக்க வேண்டுவதில்லை. வீட்டிற்கு வாயில் அமைப்பவர் அடுப்பை இடிப்பதில்லை. தன் மொழியில் எழுதப் படிக்கக் கற்ற குழந்தை பிறமொழியையும் எளிதில் கற்கும். புரியாத மொழியில் அதட்டப்பெற்ற குழந்தையோ இரண்டையும் இழந்து நிற்கும். மேலும், இருநூறு ஆண்டுக்கு மேலாக ஒருமொழிக் கொள்கையை நடத்திய நாடுகள் அதனால் ஒற்றுமை எய்தினவா என்பதை மேற்கூறிய குருதி வரலாறே உணர்த்தும்.

காலம் ஓரளவு மாறியுள்ளது. 1987 ஆம் ஆண்டில் மாயா மொழிகளுக்கு ஒருசீரான எழுத்துமுறை குவாத்தமாலாவில் ஏற்கப்பெற்றது. 1990 இல் சட்டத்தின்வழி மாயா மொழிக் கழகம் நிறுவப்பெற்றது. கீச்சே இனத்துப் பெண்மணி இரிகோபெர்த்தா மெஞ்சூ 1992 ஆம் ஆண்டின் அமைதிக்கான நோபல் பரிசைப் பெற்றார். 2003 ஆம் ஆண்டில் மெக்சிகோ தன் தொல்குடி மொழிகளை நாட்டு மொழிகள் எனச் சட்டத்தால் ஏற்று, வழக்குமன்றத்தில் மொழிபெயர்ப்பாளர் உதவியையும் உரிமையாக்கியது. ஐக்கிய நாடுகள் அவை 2022 முதல் 2032 வரையுள்ள காலத்தைத் தொல்குடி மொழிகளின் பத்தாண்டாக அறிவித்துள்ளது. இவை யாவும் போற்றத்தக்கனவே. ஆயினும், சட்டம் ஏட்டில் நிற்பது. மொழி நாவில் வாழ்வது. நோயாளியின் மொழியை மருத்துவர் அறியாவிடினும், சிறுவனின் மொழியை ஆசிரியர் அறியாவிடினும், சட்டத்தால் பயன் என்? விழா நாளில் அணிந்து காட்டும் ஆடையாக மட்டும் மொழியை வைத்தல் அதனைப் போற்றுவதாகாது. அன்றாட வாழ்வில் அதற்கு இடமளிப்பதே போற்றுதலாம்.

இதனை நன்கு உணர்ந்து செய்த முயற்சியொன்று எல் சால்வடோர் நாட்டின் சாந்தோ தொமிங்கோ தெ குசுமான் என்னும் ஊரில் 2010 ஆம் ஆண்டில் தொடங்கப்பெற்றது. 'நாவாட் தொட்டில்' என்பது அதன் பெயர். அங்கு மழலைப் பருவத்துச் சிறார் கூடினர். அவர்கட்கு மொழி கற்பிக்கப் பட்டம் பெற்றோரைத் தேடவில்லை. அம்மொழியை நினைவிற் காத்திருந்த அவ்வூர் மகளிரையே அழைத்தனர். அரை நூற்றாண்டிற்கும் மேலாக அச்சத்தால் அடங்கியிருந்த மொழி, பாட்டியர் வாயினின்றும் பெயரர் செவியிற் புகுந்தது. முன்னர்த் தாய் எதனை மறைத்தாளோ, அதனையே குழந்தை வாய்விட்டுப் பாடிற்று. பேசுவோர் மிகச் சிலராகிய ஒரு மொழியை இம்முயற்சி முற்றும் மீட்டுவிடும் என்று கூறுதல் மிகையாகலாம். ஆயினும், மொழியைக் காக்கும் இடம் எது என்பதை அது தெளிவாகக் காட்டியது. அருங்காட்சியகப் பேழை அன்று. தொட்டிலே மொழியின் உறைவிடம்.

அத்தொட்டிலை ஆட்டும் கை அச்சமின்றி ஆட்டுதல் வேண்டும். அவ்வச்சமின்மையைத் தருவது அரசின் கடன். இகழாது மதித்தல் அயலாரின் கடன். நாணாது பேசுதல் மக்களின் உரிமை. இம்மூன்றும் ஒருங்கே அமைந்தால் பேசுவோர் சிலராயினும் மொழி வாழும். அமையாவிடின் பல இலட்சம் பேர் பேசினும் தேயும். ஒரு கனியைச் சுவைத்தவர் அதனை நட்டவரை நினைத்தல் நன்றி. அக்கனிக்குப் பெயரிட்ட மொழி இன்றும் உயிரோடு உளது என்பதையும், அதனைப் பேசுவோர் தம் பிள்ளைகட்கு அதனைக் கொடுத்துச் செல்ல விரும்புகின்றனர் என்பதையும் நினைத்தல் அந்நன்றியின் முதற்படியாகும்.