பந்தயம் கட்டியவர்கள்

சென்ற மாதம் ஒரு கட்டுரைக்குப் பரிசு கொடுத்தார்கள். எந்த இதழில் வந்த கட்டுரை, யார் கொடுத்த பரிசு என்பதெல்லாம் இந்தப் பக்கத்தைப் படிக்கிறவர்களுக்குத் தெரியும். தெரியாதவர்கள் தெரிந்துகொண்டு ஆகப்போவதும் ஒன்றுமில்லை. பரிசில் நமக்குப் பொறாமை இல்லை. (கொஞ்சம் இருக்கிறது; அது வேறு.) கட்டுரையின் பொருள், கடனாளிகள் பணத்துக்காக உயிரைப் பணயம் வைத்து ஆடுகிற ‘ஸ்க்விட் கேம்’ என்ற கொரியத் தொடரில் வருகிற சோங் கி-ஹுன் என்னும் தகப்பன். ‘தந்தைமையின் தவம்’ என்று தலைப்பு. தலைப்புக்கு மேலே, மாமல்லபுரத்துப் பெரும்பாறையில் ஒற்றைக்காலில் நின்று கைகளைத் தலைக்குமேல் தூக்கியிருக்கும் அந்த எலும்பும் தோலுமான தவசியின் படம். அவன் அர்ஜுனனா பகீரதனா என்ற பழைய வழக்கே தீராமல் கிடக்கிறது. அதற்குள் மூன்றாவதாக ஒரு கொரியனையும் கொண்டுவந்து நிறுத்திவிட்டார்கள்.

கட்டுரை இரண்டு விஷயம் சொல்கிறது. வழியற்றுப்போன தகப்பன் ஒருவனைத் தமிழ்ப் புனைவு இன்றுவரை படைக்கவில்லை என்பது ஒன்று. அதற்குப் பிறகு வருவோம். இன்னொன்றுதான் தொண்டையில் நிற்கிறது: அவனை யாரும் கட்டாயப்படுத்தவில்லை, தானே விரும்பித்தான் அந்தக் கொலைக்களத்துக்குத் திரும்பிப் போனான், அதுவே மானுடத்தின் விதி.

தொடரைப் பார்த்தவர்களுக்குக் கணக்கு நினைவிருக்கும். 456 பேர் போகிறார்கள். முதல் ஆட்டத்தில் 255 பேர் சாகிறார்கள். மீந்த 201 பேர் வாக்களிக்கிறார்கள். நூற்றுக்கு நூறு என்று சமனாகி நிற்க, 001 என்ற எண்ணுடைய கிழவர் கடைசி வாக்கைப் போட்டு எல்லோரையும் வெளியே அனுப்புகிறார். வெளியே போனவர்களில் 187 பேர் திரும்பி வருகிறார்கள். பரிசுக் கட்டுரை இந்த 187-ஐப் பிடித்துக்கொண்டு தொங்குகிறது. திரும்பாத 14 பேரைப் பற்றி ஒரு வரி இல்லை. அவர்கள் எங்கே போனார்கள், எந்தக் கடன்காரன் வாசலில் நின்றார்கள் என்று ஒரு விமர்சகனுக்குக் கேட்கத் தோன்றாதா? சரி, அதை விடுவோம். போனதற்கும் வந்ததற்கும் இடையில் நடப்பதைச் சொல்லத்தான் இரண்டாம் அத்தியாயத்தின் பெரும்பகுதி எடுக்கப்பட்டிருக்கிறது. கொலையே நடக்காத, சாதாரண சியோல் தெருக்களில் நடக்கிற அந்த அத்தியாயத்துக்கு இயக்குநர் ஹ்வாங் டாங்-ஹ்யூக் வைத்த பெயர் ‘நரகம்’. கி-ஹுனின் அம்மாவுக்குச் சர்க்கரை முற்றிக் கால் அழுகுகிறது. காப்பீட்டை அவன் ஏற்கெனவே முறித்துத் தின்றுவிட்டான். பணம் கேட்டு முன்னாள் மனைவியிடம் போகிறான். அவளுடைய இப்போதைய கணவன், இனி மகளைப் பார்க்க வராதே என்ற நிபந்தனையோடு பணத்தை நீட்டுகிறான். இவன் வாங்கவில்லை. இதெல்லாம் நடந்த பிறகுதான் ஆட்டத்துக்குத் திரும்ப அழைத்துப்போகிற வேனில் ஏறுகிறான். மகளுக்காகவே போனான் என்கிற கட்டுரையில் இந்த அம்மா ஓரிடத்திலும் இல்லை. தந்தைமையின் தவத்துக்கு அவள் கால் இடைஞ்சலாக இருந்திருக்கும்.

விருப்பம் என்றால் என்ன என்று நம் செங்கல்பட்டு மாவட்டத்தில் கேட்டுப் பார்க்கலாம். செங்கல் சூளையிலும் அரிசி ஆலையிலும் மரம்வெட்டும் இடத்திலும் முன்பணம் வாங்கிக் கட்டைவிரல் உருட்டுகிற இருளர் தகப்பனை யாரும் கயிற்றால் கட்டி இழுத்து வருவதில்லை. அவனே பெண்டாட்டி பிள்ளைகளோடு லாரியில் ஏறுகிறான். 2019 ஜூலையில் காஞ்சிபுரம், ராணிப்பேட்டைப் பக்கத்து மரம்வெட்டும் இடங்களிலிருந்து 42 பேரை மீட்டபோது, ஒரு முதியவர் அதிகாரிகளின் காலில் விழுந்து கிடந்த படம் எல்லாப் பத்திரிகைகளிலும் வந்தது. அவரும் விரும்பித்தான் போயிருந்தார். 1976-ஆம் ஆண்டின் கொத்தடிமை ஒழிப்புச் சட்டம் அந்த விருப்பத்தைப் பொருட்படுத்தவில்லை. கடனையே ரத்து செய்தது. 1982-இல், டெல்லியில் ஆசிய விளையாட்டுப் போட்டிக்கு அரங்கம் கட்டிய கூலிகள் பற்றிய வழக்கில், பசியும் வறுமையும் தள்ளிக்கொண்டு போய்ச் செய்ய வைக்கிற வேலையும் கட்டாய வேலைதான் என்று நீதிபதி பகவதி தீர்ப்பு எழுதினார். உச்ச நீதிமன்றம் நாற்பது வருஷத்துக்கு முன்பே கண்டுபிடித்ததை, இலக்கிய விமர்சனம் இன்னும் ‘விதி’ என்று எழுதிக்கொண்டிருக்கிறது. அதுவும் விளையாட்டுப் போட்டி பற்றிய வழக்கு!

கி-ஹுன் கடன்காரர்களிடம் தன் உடலுறுப்புகளை எழுதிக்கொடுத்து ரத்தத்தில் ரேகை வைக்கிறான். கட்டுரையாளர் அந்தக் காட்சியில் சிலுவையைக் காண்கிறார். ஆழிப்பேரலை வந்து இரண்டு வருஷம் கழித்து, எர்ணாவூரில் குடியேற்றப்பட்ட மீனவர் குடும்பங்களில் சிறுநீரகத்தைக் கொடுத்தவர்கள் பெரும்பாலும் பெண்கள். இஷ்டப்பட்டுக் கொடுப்பதாக அவர்களும் கையெழுத்துப் போட்டவர்கள்தான்.

இனி அந்தத் தகப்பன் எங்கிருந்து வந்தான் என்பது. கி-ஹுன் ‘டிராகன் மோட்டார்ஸ்’ ஆலையில் பத்து வருஷம் வேலை பார்த்தவன். ஆட்குறைப்பு, வேலைநிறுத்தம், போலீஸ், கண்ணெதிரே செத்த சக தொழிலாளி. மகள் பிறந்தபோது அவன் ஆஸ்பத்திரியில் இல்லை, செத்தவனோடு இருந்தான். பரிசுக் கட்டுரை இதைத் தகப்பனின் பொறுப்பின்மை என்று எழுதிவிட்டு, அந்தப் பாவத்தைக் கழுவத்தான் தவம் என்று முடிச்சுப் போடுகிறது. படித்தபோது கை நடுங்கியது. ஹ்வாங் இதை எங்கிருந்து எடுத்தார் என்பதை அவரே வெளிப்படையாகச் சொல்லியிருக்கிறார்: ப்யோங்டேக் நகரத்தின் ஸாங்யோங் மோட்டார் ஆலை. 2009-இல் 2,646 பேரை வெளியேற்றுவதாக அறிவிப்பு. மே 22 முதல் ஆகஸ்ட் 6 வரை 77 நாள் தொழிலாளர்கள் ஆலைக்குள் உட்கார்ந்தார்கள். தண்ணீரை நிறுத்தினார்கள், ஹெலிகாப்டரிலிருந்து கண்ணீர்ப்புகைத் திரவத்தைக் கொட்டினார்கள். அதன்பின் வந்த வருஷங்களில் அந்தத் தொழிலாளர்களும் குடும்பத்தாருமாக முப்பது பேர் வரை இறந்தார்கள், அவர்களில் பலர் தற்கொலை செய்துகொண்டவர்கள்.

அந்த ஆலையைப் பிறகு வாங்கியது யார்? மஹிந்திரா. 2010-இல் ஒப்பந்தம், 2011-இல் கைமாற்றம். ஆட்குறைப்பு அதற்கு முந்தியது, அந்தப் பழியை இவர்கள்மேல் போட முடியாது. ஆனால் மஹிந்திராவின் ஆராய்ச்சி மையம் இருப்பது செங்கல்பட்டுக்குப் பக்கத்திலே, பரனூரில் ரயில் நின்றால் எட்டிப் பார்க்கிற தூரத்தில். 2019-இல் சந்தைக்கு வந்த எக்ஸ்யூவி 300, ஸாங்யோங்கின் டிவோலி வண்டியின் அடித்தளத்தில் கட்டப்பட்டது. அயுத்த நாட்டு இளவரசி படகேறிப் போய்க் கொரிய அரசனைக் கட்டிக்கொண்ட கதையை வைத்து நமக்கும் அவர்களுக்கும் ரத்த உறவு தேடி மேடை போடுகிறவர்கள், சுங்கச்சாவடியைத் தாண்டும்போது முன்னால் போகிற காரையும் ஒரு பார்வை பார்க்கலாம்.

இன்னும் கேளுங்கள். இந்தியாவில் கார் தயாரிப்பை நிறுத்துவதாக ஃபோர்டு அறிவித்தது 2021 செப்டம்பர் 9. எட்டு நாள் கழித்து, செப்டம்பர் 17 அன்று, ‘ஸ்க்விட் கேம்’ வெளியானது. நம் மறைமலை நகர் ஆலையில் நிரந்தரத் தொழிலாளர்கள் ஏறத்தாழ 2,600 பேர். காண்ட்ராக்ட் ஆட்களை யார் எண்ணினார்கள்? 2022 மே கடைசியில் செட்டில்மென்ட் கேட்டு ஆலைக்குள்ளேயே போராட்டம். ஜூலையில் கடைசி வண்டி வெளியே வந்தது. அதே ஜூலை முடியுமுன் மாமல்லபுரத்தில் சதுரங்க ஒலிம்பியாட் தொடங்கியது. கிழக்குக் கடற்கரைச் சாலை நெடுகிலும் போட்டியின் சின்னமான வேட்டி கட்டிய குதிரை கைகூப்பி நின்றது. ஒரே மாவட்டம், ஒரே மாதம். மறைமலை நகரில் ஒவ்வொருவராகப் போய், சம்மதம் என்று கையெழுத்துப் போட்டுவிட்டு, பணிக்காலத்துக்கு இத்தனை நாள் சம்பளம் என்று வாங்கிக்கொண்டு கம்பெனி பஸ் வராத ஊருக்குத் திரும்பினார்கள். எல்லாம் விருப்பப்படிதான். கட்டுரையாளர் இதே மாவட்டத்துக்காரர் என்பதால் சொல்கிறோம். சிற்பத்தைப் படமெடுக்கப் போனவர் ஜி.எஸ்.டி. சாலை வழியாகத்தானே போயிருப்பார்?

இந்தக் குருட்டுத்தனம் இன்று நேற்று வந்ததில்லை. எழுபதுகளில் அந்நியமாதலைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதிய பரம்பரை நம்முடையது. கிரிகோர் சாம்சா பூச்சியாகி விழித்த காலையைப் பேசாத சிற்றிதழ் உண்டா? அவன் ஏன் அந்த வேலையை விட முடியாமல் இருந்தான்? பெற்றோர் அவனுடைய முதலாளிக்குக் கடன்பட்டிருந்தார்கள், அடைக்க இன்னும் ஐந்தாறு வருஷம் இருந்தது. கதையின் முதல் பக்கங்களிலேயே இருக்கிறது. நாம் பூச்சியைப் பார்த்தோம், கடனைப் பார்க்கவில்லை. பிறகு அமைப்பியல் வந்தது, ஆசிரியன் இறந்தான். முதலாளி மட்டும் சாகாமல் சௌக்கியமாக இருந்தான். எதிர் முகாமில் ஆலை இருந்தது, சங்கம் இருந்தது, கொடி இருந்தது. மகள் பிறந்தநாளுக்குக் காசில்லாமல் அம்மாவின் ஏ.டி.எம். அட்டையைத் திருடிக் குதிரைமேல் கட்டுகிற ஒரு தகப்பன் மட்டும் இல்லை. அவன் உதிரி என்று ஒதுக்கப்பட்டான். இரண்டு பக்கமும் சேர்ந்து விட்ட இடத்தில்தான் ‘மானுடம்’ வந்து உட்கார்ந்துகொண்டது.

தமிழில் இப்படியொரு தகப்பன் இல்லை என்ற முதல் வாதம். அசோகமித்திரனின் ‘புலிக்கலைஞன்’ படித்ததில்லையா? சினிமா ஸ்டூடியோவில் வேலை கேட்டு வந்தவன், புலித்தலையை மாட்டிக்கொண்டதும் அறையே அதிர மேஜைமேல் பாய்கிறான்; ஆட்டம் முடிந்ததும் கெஞ்சுகிற ஆளாகச் சுருங்கிவிடுகிறான். பிறகு தேடினால் ஆளே இல்லை. பார்த்துக்கொண்டிருந்தவர்கள் கெட்டவர்களும் இல்லை. அந்தக் கதையை எத்தனை கல்லூரிக் கூட்டங்களில் வாசித்துக் காட்டியிருப்போம்! ஒவ்வொரு முறையும் பாய்ச்சல் வருகிற இடத்தில் மாணவர்கள் நிமிர்ந்து உட்காருவார்கள். அதையும் விடுவோம், அச்சில் வந்தது. நம் வட்டாரத்துக் கூத்துமேடைக்குப் போவோம். அரிச்சந்திரன் பெண்டாட்டியையும் பிள்ளையையும் காலகண்டனுக்கு விற்கிறான், தன்னை வீரபாகுவுக்கு விற்கிறான். மயான காண்டத்தில், பாம்பு தீண்டிச் செத்த லோகிதாசனைச் சந்திரமதி தூக்கிக்கொண்டு வருகிறாள். பெற்ற தகப்பனே தடியோடு குறுக்கே நின்று கால்பணமும் முழத்துண்டும் வாய்க்கரிசியும் கேட்கிறான். விடியற்காலம் மூன்று மணிக்கு அந்த இடம் வரும்போது, கொடாப்பில் கோழி அடைத்த ஞாபகத்தோடு வந்த கிழவிகள்கூட எழுந்து போகமாட்டார்கள். வழியற்ற தகப்பன் என்றால் இவனைவிட யார்?

கூத்துப் பார்க்கிற ஜனங்களுக்கு ஒன்று மட்டும் மறப்பதே இல்லை: இந்திர சபையில் வசிட்டனும் விசுவாமித்திரனும் கட்டிய பந்தயம் இது. கதை அங்கேதான் ஆரம்பிக்கிறது. மயானத்தில் அழும்போதும் கூட்டத்தில் யாராவது விசுவாமித்திரனைத் திட்டுவார்கள். தொடரில் முகமூடி மாட்டிக்கொண்டு மது குடித்தபடி பந்தயம் கட்டிப் பார்க்கிற கனவான்களை விமர்சனக் கட்டுரை ‘அலங்காரம்’ என்று தள்ளிவிட்டது. நம் கிழவிகள் தள்ளியிருக்கமாட்டார்கள்.

மாமல்லபுரப் படத்துக்கு வருவோம். அதே பாறையில், பெரிய யானைக்குக் கீழே, ஒரு பூனையும் முன்கால்களைத் தூக்கித் தவம் செய்கிறது. சுற்றிலும் எலிகள். சுண்டல் விற்கிற பையன்கூட அதைத்தான் முதலில் காட்டுவான். பச்சைச் சட்டையில் 001 என்று எண் குத்திக்கொண்டு, மூளையில் கட்டி என்று சொல்லிக்கொண்டு, பந்தயம் கட்டியவனே எலிகளுக்கு நடுவில் கிழவனாக உட்கார்ந்திருந்தான். பல்லவச் சிற்பி ஆயிரத்து முந்நூறு வருஷத்துக்கு முன்பே பார்த்தது இது. பரிசுக் கட்டுரையின் படத்தில் பூனை வெட்டப்பட்டிருக்கிறது. வடிவமைப்புக்கு இடம் போதவில்லையாம்.

இவ்வளவு சொல்லியும் நாம்கூட கி-ஹுனைத்தான் சுற்றி வருகிறோம். தொடரில் இன்னொரு தகப்பன் உண்டு, எண் 199. அலி என்ற பாகிஸ்தானித் தொழிலாளி. வேலையில் விரல்களை இழந்தவன், ஆறு மாதச் சம்பளத்தை முதலாளி பிடித்துவைத்திருக்கிறான், கைக்குழந்தையோடு மனைவி. படித்தவனான சாங்-வூவை நம்பி ‘அண்ணா’ என்று கூப்பிட்டு, கோலிக்குண்டு ஆட்டத்தில் அவனிடமே ஏமாந்து சாகிறான். நடித்தவர் டெல்லிக்காரர் அனுபம் திரிபாதி. பரிசுக் கட்டுரை இவனுக்கு ஒரு வாக்கியம் ஒதுக்கியது. நம் இதழ் அந்த ஒரு வாக்கியத்தைக்கூட ஒதுக்கியதில்லை. மறைமலை நகரிலும் கூடுவாஞ்சேரியிலும் ஒரகடத்திலும் ஒரு அறைக்குப் பத்துப்பேராகத் தங்கியிருக்கும் ஒடிசா, பீகார், அசாம் தகப்பன்மார் நம் கதைகளில் வருவதில்லை. வந்தாலும் பின்னணியில் பானிபூரி விற்கிறார்கள். சாம்சங் ஆலையில் 2024 செப்டம்பர் 9 முதல் சங்கத்துக்காக 37 நாள் நடந்த சுங்குவார்சத்திரத்துப் போராட்டத்தைப் பற்றியும் தமிழ்ப் புனைவில் ஒரு நல்ல கதை நம் கண்ணில் படவில்லை.

கொரியாவில் ஒன்று நடந்தது. ஸாங்யோங் தொழிலாளர்கள் 470 கோடி வொன் நஷ்டஈடு கட்ட வேண்டும் என்று நீதிமன்றம் சொன்னபோது, ஒரு வாசகி ஒரு வார இதழுக்கு 47,000 வொன் வைத்து அனுப்பினார். இப்படி ஒரு லட்சம் பேர் அனுப்பினால் தீர்ந்துவிடும் என்று கடிதம். அது மஞ்சள் உறை இயக்கமானது. 2025 ஆகஸ்டில் அந்தப் பேரிலேயே அழைக்கப்படும் சட்டம் அவர்கள் நாடாளுமன்றத்தில் நிறைவேறியது. ஒரு வாசகர் கடிதம்! நமக்கு வருகிற கடிதங்கள் பெரும்பாலும் சென்ற இதழின் அச்சுப்பிழைகளைப் பற்றியவை.

ஆகவே ஓர் அறிவிப்பு. இந்தப் பகுதி ஆலைகளில் வேலை போனவர்கள், செட்டில்மென்ட் வாங்கியவர்கள், வாங்க மறுத்தவர்கள், காண்ட்ராக்டில் இருந்ததால் ஒன்றும் கிடைக்காதவர்கள், அவர்கள் வீட்டுப் பெண்கள், பிள்ளைகள் நமக்கு எழுதலாம். கதையாக வேண்டும் என்பதில்லை. ஒடியாவிலோ இந்தியிலோ எழுதினால் மொழிபெயர்க்க ஆள் பிடிக்கிறோம். பக்க வரையறை கிடையாது. ‘மானுடம்’ என்ற சொல் இல்லாதவற்றுக்கு முன்னுரிமை. சன்மானம் வழக்கம்போல இதழின் இரண்டு பிரதிகள். தை பிறப்பதற்குள் அனுப்பினால் நல்லது. அச்சகத்துக்குப் பாக்கி இருப்பதால் இதழ் எப்போது வரும் என்று மட்டும் கேட்கக் கூடாது.