யெட்வாப்னே விவாதம்: எங்கள் நிலைப்பாடு

2018 ஜனவரி 26 அன்று போலந்து நாடாளுமன்றத்தின் கீழவை ஒரு சட்டத் திருத்தத்தை நிறைவேற்றியது. நாஜி ஜெர்மனி செய்த குற்றங்களுக்குப் போலந்து தேசமோ அரசோ பொறுப்பு என்று உண்மைக்குப் புறம்பாகப் பொதுவெளியில் பேசினால் மூன்று ஆண்டு வரை சிறை என்றது அது. மறுநாள் ஜனவரி 27, ஆஷ்விட்ஸ் முகாம் விடுவிக்கப்பட்ட நாள். யூத இனப்படுகொலையை உலகம் நினைவுகூர வேண்டிய நாளாக ஐ.நா. பொதுச்சபை 2005-இல் அறிவித்ததும் அந்த நாளைத்தான். வெளிநாடுகளில் எதிர்ப்பு வலுத்ததால் ஜூன் மாத இறுதியில் சிறைத் தண்டனைப் பிரிவை நீக்கினார்கள். சட்டத்தின் பல் போனது. அதை எழுதவைத்த எண்ணம் அப்படியே இருக்கிறது, போலந்தில் மட்டுமல்ல.

வரலாற்று நூல்களைத் தமிழாக்குவதும் மாணவர்களோடு சேர்ந்து அவற்றை வாசிப்பதும் எங்கள் அமைப்பின் வேலை. யூத இனப்படுகொலை விஷயத்தில் எங்களிடம் இரண்டு விதமாகக் கேட்கிறார்கள். எத்தனை பேர் செத்தார்கள் என்பதிலேயே சண்டை இருக்கிறதே, மறுப்பவர்களையும் ஒரு தரப்பாக மேடையேற்றினால் என்ன என்பது ஒன்று. இவ்வளவு பெரிய கொடுமையில் விவாதம் எதற்கு, அஞ்சலி செலுத்திவிட்டுப் போகலாமே என்பது மற்றொன்று. இரண்டையும் நாங்கள் ஏற்கவில்லை. காரணத்தைச் சொல்ல ஒரே ஊரை எடுத்துக்கொள்கிறோம்.

போலந்தின் வடகிழக்கில் உள்ள சிற்றூர் யெட்வாப்னே. 1939 செப்டம்பரிலிருந்து சோவியத் பிடியில் இருந்தது. 1941 ஜூன் கடைசியில் ஜெர்மானியர் கைக்கு வந்தது. ஜூலை 10 அன்று ஊர் யூதர்களைச் சந்தைத் திடலுக்கு விரட்டி வந்தார்கள். சோவியத் காலத்து லெனின் சிலையை அவர்களில் ஒரு பகுதியினரையே சுமக்க வைத்துக் கொண்டுபோய்க் கொன்றார்கள். மிச்சமிருந்தவர்களை, பெண்கள் குழந்தைகள் உட்பட, ஊர் எல்லையிலிருந்த ஒரு கொட்டகைக்குள் அடைத்துத் தீ வைத்தார்கள். விரட்டியவர்களும் தீ வைத்தவர்களும் அதே ஊர்க்காரர்கள், யூதர்களின் அண்டை வீட்டுக்காரர்கள். ஜெர்மன் காவலர்கள் அங்கே இருந்தார்கள், தூண்டுதலும் அவர்களுடையதே. சில நாள் முன்பு பக்கத்து ஊர்களான வோன்சோஷிலும் ரட்ஜிவூவிலும் இதைப் போன்ற கொலைகள் நடந்திருந்தன.

இது பிற்காலத்தில் தோண்டியெடுத்த இரகசியம் என்று நினைத்தால் தவறு. உயிர் தப்பிய ஷ்முல் வாசர்ஸ்டைன் 1945-இலேயே பியாவிஸ்டோக் நகரில் யூத வரலாற்று ஆணையத்திடம் வாக்குமூலம் கொடுத்துவிட்டார். 1949-இல் வொம்ஜா நீதிமன்றத்தில் 22 பேர் நிறுத்தப்பட்டார்கள். 12 பேருக்குத் தண்டனை விழுந்தது. கோப்புகள் பத்திரமாக இருந்தன. அப்படியிருந்தும் 1960-களில் ஊரில் நட்ட நினைவுக் கல், நாஜி இரகசியக் காவல்துறையான கெஸ்டாப்போவும் ஜெர்மன் காவலர்களும் 1,600 யூதர்களை உயிரோடு எரித்ததாகச் சொன்னது. தீர்ப்பு ஒன்று சொல்ல, கல் வேறொன்று சொல்ல, ஒரு தலைமுறை அந்தக் கல்லைப் பார்த்தே வளர்ந்தது. சான்று இல்லாமல் இது நேரவில்லை. கேட்க ஆளில்லை, அவ்வளவுதான்.

2000-இல் வரலாற்றாசிரியர் யான் தாமஸ் கிராஸ் 'அண்டை வீட்டார்' என்னும் சிறிய நூலில் அந்தக் கோப்புகளைத் திறந்து காட்டினார். அடுத்த இரண்டு ஆண்டுகள் போலந்தின் நாளிதழ்களும் திருச்சபையும் நாடாளுமன்றமும் பேசியதைப் போல, தன் மக்களின் கை செய்ததைப் பற்றி ஒரு சமூகம் வாய்விட்டுப் பேசுவது அரிது. பழைய கல் 2001-இல் அகற்றப்பட்டது. அறுபதாம் ஆண்டு நாளில் குடியரசுத் தலைவர் அலெக்சாண்டர் க்வாஷ்னியெவ்ஸ்கி அந்த ஊருக்கே வந்து, தன் பெயராலும் அந்தக் குற்றத்தால் மனச்சாட்சி உறுத்தப்பட்ட போலந்து மக்களின் பெயராலும் மன்னிப்புக் கேட்டார். உள்ளூர்ப் பங்குத்தந்தை அந்த நிகழ்ச்சியைப் புறக்கணித்தார். அதில் பங்கெடுத்த ஊர் மேயர் பிறகு பதவி விலகி நாட்டை விட்டே போனார். ஒரே ஊருக்குள் மன்னிப்பும் முகத்திருப்பலும் அருகருகே நின்றன என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

இனி எண்ணிக்கைக்கு வருவோம். கிராஸ் 1,600 என்றார். போலந்து அரசு நிறுவிய தேசிய நினைவு நிறுவனம் விசாரணை நடத்தி, குறைந்தது 340 பேர் என்றும், ஏறத்தாழ 40 போலந்து ஆண்கள் நேரடியாகப் பங்கேற்றார்கள் என்றும், கொலையை நிறைவேற்றியதில் அவர்களுடைய பங்கே தீர்மானகரமானது என்றும் முடிவு சொன்னது. 2001-இல் புதைகுழியைத் தோண்டியபோது, இறந்தவர்களின் எலும்புகளைக் கலைக்கக் கூடாது என்னும் யூத சமய நெறியை மதித்து, பணி பாதியில் நிறுத்தப்பட்டது. முழுமையாகத் தோண்ட வேண்டும் என்று இன்றும் சிலர் கேட்கிறார்கள். கேட்பவர்களில் பலருக்குப் புதிய எண்ணிக்கை கிடைப்பதை விட பழியை ஜெர்மானியர் மீது போட உதவும் ஜெர்மன் தோட்டா ஒன்று கிடைப்பதில்தான் ஆர்வம். ஆனாலும் 1,600-ஐ ஏற்காதவர் எல்லாரும் மறுப்பாளர் என்று நாங்கள் சொல்ல மாட்டோம். எண்ணிக்கை, ஜெர்மன் தூண்டுதலின் அளவு, சோவியத் ஆண்டுகள் விட்டுச்சென்ற கசப்பு, யூதர் சொத்தின் மீதிருந்த ஆசை ஆகிய ஒவ்வொன்றையும் பற்றி நேர்மையான ஆய்வாளர்கள் இன்னும் மோதிக்கொள்கிறார்கள். மோதட்டும். சோவியத் காலக் கசப்பைப் படிப்பது ஆய்வு. அதைச் சொல்லி, கைக்குழந்தையை எரித்ததற்கு ஒரு நியாயம் கற்பித்தால் அது ஆய்வு அல்ல.

2011-இல் அந்த நினைவிடத்தில் ஸ்வஸ்திகா வரைந்து, இவர்கள் எளிதில் தீப்பற்றக்கூடியவர்கள் என்று யாரோ எழுதிவைத்தார்கள். இதைப் பற்றி விவாதிக்க ஒன்றுமில்லை. நாங்கள் அதிகம் அஞ்சுவது இதைவிட நாகரிகமான குரலுக்கு. 2016-இல் போலந்தின் கல்வி அமைச்சர் ஒரு தொலைக்காட்சி நேர்காணலில், யெட்வாப்னேயில் கொன்றது யார் என்ற கேள்விக்கு நேரடியாகப் பதில் சொல்லாமல் பலவித கருத்துகள் உள்ளன என்று நழுவினார். அரசின் சொந்த விசாரணை முடிந்து பதின்மூன்று ஆண்டுகளுக்குப் பிறகு! பாடநூல்களுக்குப் பொறுப்பான ஒருவர் முடிந்த வழக்கைக் கருத்து வேறுபாடாக்கினால், வகுப்பறையில் நிற்கும் ஆசிரியர் எதைப் பிடித்துக்கொள்வார்? 2025 ஜூலையில் நினைவிடத்துக்கு அருகே தனியார் நிலத்தில், பழியை ஜெர்மானியர் மீதே போடும் பலகைகளோடு பாறைகள் முளைத்தன. அதே ஜூலை 10 அன்று ஐரோப்பிய நாடாளுமன்ற உறுப்பினர் கிரெகோஷ் பிரவுன், ஆஷ்விட்ஸின் நச்சுவாயு அறைகளே பொய் என்று வானொலியில் சொன்னார். ஊர்ப் பங்கை மறுப்பதில் தொடங்கும் பேச்சு எங்கே போய் நிற்கும் என்பதற்கு வேறு விளக்கம் வேண்டாம்.

இதையெல்லாம் சொல்லும் நாங்கள், போலந்து மக்களின் மனக்குறையில் நியாயமான பகுதியை மறைக்க விரும்பவில்லை. ஆஷ்விட்ஸ், ட்ரெப்ளிங்கா, சோபிபோர் முகாம்களை அமைத்ததும் நடத்தியதும் ஆக்கிரமிப்பு ஜெர்மனி. அப்போது போலந்து என்றொரு அரசு அந்த மண்ணில் இயங்கவே இல்லை. ஆனாலும் உலக ஊடகங்கள் 'போலந்து முகாம்' என்று சோம்பேறித்தனமாக எழுதிவந்தன. 2012-இல் அமெரிக்க அதிபர் ஒபாமாவே அப்படிப் பேசிவிட்டுப் பிறகு வருத்தம் தெரிவித்தார். அவர் அப்படிச் சொன்னது, வார்சாவில் யூதர்களை அடைத்துவைத்த கெட்டோவுக்குள் இரகசியமாக நுழைந்து பார்த்து உலகத்துக்குச் சேதி கொண்டுபோன யான் கார்ஸ்கிக்கு விருது வழங்கிய மேடையில் என்பதுதான் விநோதம். யுனெஸ்கோ 2007-இல் ஆஷ்விட்ஸின் பெயரில் 'ஜெர்மன் நாஜி' என்ற சொற்களைச் சேர்த்தது சரியே. எங்கள் மொழிபெயர்ப்புகளிலும் அப்படியே எழுதுவோம்.

யூதருக்கு உதவினால் மரணம் என்று ஆக்கிரமிப்புப் போலந்தில் 1941 முதலே ஆணை இருந்தது. அதை மீறியவர்களும் ஏராளம். இஸ்ரேலின் யூத இனப்படுகொலை நினைவு நிறுவனமான யாத் வாஷெம் அங்கீகரித்த மீட்பர்களில் அதிகம் பேர், 7,000-க்கு மேல், போலந்து நாட்டவர். மார்கோவா கிராமத்தின் உல்மா குடும்பத்தில் கணவன், கருவுற்ற மனைவி, ஆறு குழந்தைகள் அனைவரையும், அவர்கள் ஒளித்துவைத்த எட்டு யூதர்களோடு சேர்த்து 1944 மார்ச் 24 அன்று ஜெர்மன் காவலர்கள் சுட்டுக்கொன்றார்கள். அவர்களுக்கு அருங்காட்சியகம் இருக்கிறது. 2023-இல் திருச்சபை அருளாளர் பட்டமும் கொடுத்தது. தகும். ஆனால் யெட்வாப்னேக்குப் பக்கத்தில் ஏழு யூதர்களைப் பண்ணையில் ஒளித்துக் காத்த அன்தோனினா விஜிகோவ்ஸ்காவின் கதை வேறு. வாக்குமூலம் கொடுத்த வாசர்ஸ்டைன் அந்த எழுவரில் ஒருவர். ஜெர்மானியர் ஓடிப்போன பிறகு, யூதர்களைக் காப்பாற்றியதற்காக அன்தோனினாவை அடித்தவர்கள் சொந்த நாட்டுக்காரர்கள். அவர் ஊரை விட்டே போக நேர்ந்தது. மீட்பர்களைப் பற்றிப் பேசும்போது, அவர்கள் யாருக்கெல்லாம் பயந்தார்கள் என்பதை விட்டுவிட்டால் அவர்களுடைய துணிவில் பாதியை மறைத்தவர்களாவோம். இந்த இரண்டு கதைகளையும் பிரிக்காமல் வாசிக்க வேண்டும் என்பதே எங்கள் கோரிக்கை.

சட்டம் பற்றி. இனப்படுகொலை மறுப்பைப் பிரான்ஸ் 1990-லிருந்து தண்டிக்கிறது. ஜெர்மனியிலும் அதற்குத் தனிப் பிரிவு உண்டு. போலந்திலேயே 1998 முதல் அப்படியொரு சட்டம் இருக்கிறது. 2018 திருத்தம் அந்த வேலைக்குத் தேவைப்படவே இல்லை. மறுப்பைச் சிறையால் அடக்குவது சரியா என்பதில் எங்கள் உறுப்பினர்களுக்குள்ளேயே ஒருமித்த கருத்து கிடையாது. இனப்படுகொலை மறுப்பாளர் டேவிட் இர்விங் தொடுத்த அவதூறு வழக்கில் வரலாற்றாசிரியர் டெபோரா லிப்ஸ்டாட் தரப்பு ஆவணங்களை ஒவ்வொன்றாக வைத்து 2000-இல் லண்டனில் வென்றதே, அதுவே போதிய வழி என்போர் எங்களில் உண்டு. ஜெர்மனியின் கடந்த காலத்தோடு வாழ்பவர்களுக்கு அந்தச் சொகுசு கிடையாது என்போரும் உண்டு. இதில் வாக்கெடுத்து ஒரு முடிவைத் திணிக்க மாட்டோம். தேசத்தின் மானத்தைக் காக்க வரலாற்றாசிரியரைக் கூண்டில் ஏற்றும் சட்டத்தை எதிர்ப்பதில் மட்டும் எங்களுக்குள் பிளவு இல்லை. மறுப்புத் தடைச் சட்டம் இறந்தவர்களைப் பற்றிய சான்றைக் காக்க முயல்கிறது. மானக் காப்புச் சட்டமோ இருப்பவர்களைச் சான்றிடமிருந்து காக்கிறது.

சிறைப் பிரிவு போன பிறகும் அச்சுறுத்தல் போகவில்லை. பார்பரா எங்கெல்கிங், யான் கிராபோவ்ஸ்கி இருவரும் பதிப்பித்த ஆய்வுத் தொகுதியில், மறைந்த ஒரு கிராமத் தலைவரைப் பற்றி வந்த குறிப்புக்காக உறவினர் ஒருவர் உரிமையியல் வழக்குத் தொடுத்தார். 2021 பிப்ரவரியில் வார்சா நீதிமன்றம் இருவரையும் மன்னிப்புக் கேட்கச் சொன்னது. ஆகஸ்டில் மேல்முறையீட்டு நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை ரத்து செய்தது. அடிக்குறிப்பில் பிழை இருந்தால் மறுப்புக் கட்டுரை எழுதலாம். அதுதான் இந்தத் துறையின் வழக்காடுமன்றம்.

அரசுகள் பேரம் பேசித் தீர்க்கும் விஷயமும் அல்ல இது. 2018 ஜூன் 27 அன்று போலந்துப் பிரதமரும் இஸ்ரேல் பிரதமரும் கூட்டறிக்கை வெளியிட்டுத் தகராறு முடிந்தது என்றார்கள். சில நாளில் ஜெருசலேமின் யாத் வாஷெம் வரலாற்றாசிரியர்களே அந்த அறிக்கையில் கடுமையான பிழைகள் இருப்பதாகப் பகிரங்கமாகச் சொன்னார்கள். தன் நாட்டுப் பிரதமரின் கையெழுத்தைத் திருத்தத் தயங்காத அந்த நிறுவனத்தின் செயலையே நாங்கள் முன்மாதிரியாகக் கொள்கிறோம்.

ஆகவே, மறுப்பாளர்களை மறுதரப்பு என்று எங்கள் மேடையில் ஏற்ற மாட்டோம். அவர்கள் சொல்வதை மாணவர்களுக்கு மறைக்கவும் மாட்டோம். வாசர்ஸ்டைனின் வாக்குமூலத்தையும் தேசிய நினைவு நிறுவனத்தின் விசாரணை முடிவையும் ஒரே அமர்வில், முரண்படும் இடங்களைக் குறித்துக்கொண்டு வாசிப்போம். யெட்வாப்னேயில் 2001-இல் வைத்த புதிய கல் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டியிருக்கிறது. பழைய பொய் அதில் இல்லை; கொன்றது யார் என்பதும் இல்லை. அரசின் சொந்த விசாரணை கண்டறிந்ததை அந்தக் கல்லில் எழுத வேண்டும் என்று கேட்பவர்களோடு நாங்கள் நிற்கிறோம்.