நீளமான மலை எங்கே?

உலகத்திலேயே உயரமான மலை எது என்றால் உங்கள் வீட்டுப் பிள்ளை பளிச்சென்று பதில் சொல்லிவிடுவான். நீளமான மலைத்தொடர் எது என்று கேட்டுப் பாருங்கள்! இமயமலை என்பான். அதன் நீளம் சுமார் 1,500 மைல்தான். கொஞ்சம் விஷயம் தெரிந்தவனானால், தென் அமெரிக்காவின் மேற்குக் கரையோரமாகச் சுமார் 4,300 மைல் நீண்டு கிடக்கும் ஆண்டிஸ் என்பான். தரைக்கு மேலே அதுதான் நீளம், வாஸ்தவம். ஆனால் 40,000 மைல் நீளத்துக்கு ஒரு மலைத்தொடர் இருக்கிறது. பூமியையே ஒன்றரைச் சுற்றுச் சுற்றிவிடும்! அநேகமாக முழுவதும் சமுத்திரத்துக்கு அடியில் இருப்பதால் நம் கண்ணில் படுவதில்லை.

அட்லாண்டிக் சமுத்திரத்தின் நட்ட நடுவே வடக்கிலிருந்து தெற்காக இறங்கி, ஆப்பிரிக்காவை வளைத்துக்கொண்டு நம் இந்து மகாசமுத்திரத்தில் நுழைந்து, பசிபிக் வரையில் போகிறது. நமக்கும் ஆப்பிரிக்காவுக்கும் நடுவில் கிடக்கும் கிளைக்குக் 'கார்ல்ஸ்பெர்க்' என்று பெயர். 1928 முதல் 1930 வரை கடலை ஆராய்ந்த டென்மார்க் கப்பலுக்குப் பணம் கொடுத்தது அந்த பீர் கம்பெனியின் அறக்கட்டளை! மலைக்குப் பெயராகும் யோகம் யாருக்கெல்லாம் அடிக்கிறது, பார்த்தீர்களா?

இந்த மலையின் ரகசியத்தைக் கண்டுபிடித்தவர் மேரி தார்ப் என்ற அமெரிக்கப் பெண்மணி. கொலம்பியா சர்வகலாசாலையில் அவருக்கு வேலை. ஆராய்ச்சிக் கப்பலில் பெண்களுக்கு இடமில்லை என்று விதி. ஆகவே புரூஸ் ஹீசன் முதலிய ஆண்கள் கடலுக்குப் போய், எதிரொலியைக் கொண்டு ஆழத்தை அளந்து வருவார்கள். கரையில் மேஜை முன் உட்கார்ந்து அந்த எண்களைப் படமாக்குவது மேரியின் பாடு.

1952-இல் அட்லாண்டிக்கின் குறுக்குவெட்டுப் படங்கள் ஆறு வரைந்தார். எல்லாவற்றிலும் மலையின் உச்சியில், ஏறக்குறைய ஒரே இடத்தில், ஒரு பள்ளம்! அப்படியானால் கடலின் அடித்தரை அங்கே பிளந்து இரு பக்கமும் விலகிக்கொண்டிருக்க வேண்டும். கண்டங்கள் நகர்வதாவது என்று அமெரிக்க விஞ்ஞானிகளில் பெரும்பாலோர் நகைத்த காலம் அது. ஹீசனும் 'பெண்பிள்ளைப் பேச்சு' என்று ஒதுக்கினார். பக்கத்தில் ஹோவர்ட் பாஸ்டர் என்பவர் பூகம்பம் உண்டான இடங்களை வேறொரு படத்தில் குறித்துக்கொண்டிருந்தார். இரண்டையும் ஒன்றன்மேல் ஒன்றாக வைத்தார்கள். பூகம்பங்கள் வரிசையாக மேரியின் பள்ளத்திலேயே விழுந்தன. ஹீசன் ஒப்புக்கொள்ள வேண்டியதாயிற்று.

1957-இல் வட அட்லாண்டிக் படம் வெளியாயிற்று. பள்ளமாவது மண்ணாவது என்று பிரெஞ்சுக்காரர் ஜாக் கூஸ்தோ, அதைப் பொய்யாக்கவே கடலடியில் காமிராவை இழுத்துச் சென்றார். பள்ளம் அங்கேதான் இருந்தது! 1959-இல் அந்தப் படத்தை நியூயார்க் மகாநாட்டில் அவரே போட்டுக் காட்டினார். இதையொட்டி மற்றவர்கள் எழுதிய கட்டுரைகள் பலவற்றில் மேரியின் பெயரைத்தான் காணோம். ஆராய்ச்சிக் கப்பலில் அவர் கால் வைத்ததும் 1968-இல்தான்.

நனையாமல் இந்த மலையைப் பார்க்க ஆசையானால் ஐஸ்லாந்துக்குப் போகவேண்டும். அங்கே அது கடலுக்கு மேலே தலை நீட்டுகிறது. வருஷத்துக்குச் சுமார் 2 சென்டிமீட்டர் வீதம் நிலம் விலகுகிறது. வேடிக்கை பார்ப்பவர்களுக்குத்தான் இது அதிசயம். கிரிண்டவிக் என்ற மீன்பிடி ஊரில், 2023 நவம்பரில் தெருவே பிளந்து, ஜனங்கள் இரவோடு இரவாக வீட்டைப் பூட்டிக்கொண்டு கிளம்பினார்கள்.